"நிர்வாக நலன் கருதி" இடமாறுதல்: நீதிமன்றம் எந்த அளவுக்குத் துணை நிற்கும்?

பொருநைக்கரை எழுதியது:

அனைவருக்கும் வணக்கம். நான் மாநில அரசுத் துறை ஒன்றின் மாவட்ட அலுவலகத்தில், கணக்குப் பிரிவில் உதவியாளராகப் பணிபுரிகிறேன். கட்டடப் பராமரிப்புப் பணி ஒன்றிற்குப் பணம் கோரும் பட்டியல் (பில்) என் மேசைக்கு வந்தபோது, செய்த வேலையின் அளவுகளைப் பதியும் அளவுப் புத்தகத்தில், அவற்றை மேலதிகாரி சரிபார்த்ததற்கான (மேலளவு) கையொப்பம் இல்லை. அதனால் பட்டியலை ஏற்க இயலாது என்று குறிப்புக் கோப்பில் எழுதி மேலே அனுப்பினேன். கோப்பு இரண்டு முறை திரும்பி வந்தது. இரண்டு முறையும் அதே குறிப்பையே எழுதினேன்.

அடுத்த மாதமே தலைமை அலுவலகத்திலிருந்து செயல்முறை ஆணை வந்துவிட்டது. என் ஒருவரது பெயர் மட்டுமே அதில் உள்ளது. "நிர்வாக நலன் கருதி" வடமாவட்டம் ஒன்றிற்கு மாற்றப்படுவதாகவும், பதிலரை எதிர்பாராமல் உடனடியாக விடுவிக்கப்பட வேண்டும் என்றும், விடுப்பு ஏதும் அனுமதிக்கக் கூடாது என்றும் எழுதியிருக்கிறார்கள். ஆணை வந்த அன்று பிற்பகலே விடுவிப்பு ஆணையும் என்னிடம் சார்வு செய்யப்பட்டது. வருகைப் பதிவேட்டில் என் பெயருக்கு நேரே சிவப்பு மையில் கோடு இழுத்து, "பணிவிடுவிப்பு பி.ப." என்று எழுதிய பிறகுதான் என்னைக் கையொப்பமிட அழைத்தார்கள். என் இடத்திற்கு இன்றுவரை எவரும் நியமிக்கப்படவில்லை.

என் மகள் பன்னிரண்டாம் வகுப்பில் படிக்கிறாள். கணவர் தனியார் நிறுவனத்தில் பணிபுரிவதால் அவரால் இடம்பெயர இயலாது. இந்த ஆணையை எதிர்த்து உயர் நீதிமன்றத்தை அணுகலாமா, அணுகினால் எந்த அடிப்படையில் வாதிட வேண்டும் என்பதை அனுபவமுள்ளவர்கள் சொன்னால் உதவியாக இருக்கும். அமைச்சர் ஒருவரிடம் பரிந்துரைக் கடிதம் வாங்கித் தருவதாகவும் ஒருவர் முன்வந்துள்ளார். அதைப் பற்றியும் சொல்லுங்கள்.

கீழமாசிவீதி வழக்கறிஞர் எழுதியது:

அம்மா, கடைசியாகக் கேட்டதற்கு முதலில் பதில் சொல்லிவிடுகிறேன். பரிந்துரைக் கடிதம் வேண்டவே வேண்டாம். பணி தொடர்பான காரியங்களுக்கு வெளியார் செல்வாக்கைப் பயன்படுத்துவதை நடத்தை விதிகள் தடுக்கின்றன. இன்று உங்கள் பக்கம் இருக்கும் நியாயத்தை அந்த ஒரு கடிதம் நாளை எதிர்ப்பக்கம் சாய்த்துவிடும்.

இனி வழக்கைப் பார்ப்போம். இடமாறுதல் என்பது அரசுப் பணியோடு சேர்ந்தே வருவது, அது பணி நிபந்தனையில் செய்யப்படும் மாற்றம் ஆகாது என்பதுதான் உச்ச நீதிமன்றம் பல பத்தாண்டுகளாகச் சொல்லிவரும் நிலைப்பாடு. 1986ஆம் ஆண்டு வரதராவ் எதிர் கர்நாடக மாநிலம் வழக்கில் இதைத் தெளிவாகச் சொன்ன அதே நீதிமன்றம், அடிக்கடியும் முறையற்றும் செய்யப்படும் மாறுதல்கள் ஒரு குடும்பத்தையே வேரோடு பிடுங்கி எறிந்துவிடும் என்றும் கவலை தெரிவித்தது. ஆனால் அந்தக் கவலை, மாறுதலை எதிர்க்கும் உரிமையாக இன்றுவரை முழுமையாக உருப்பெறவில்லை. பிகாரைச் சேர்ந்த ஆசிரியைகள் தொடர்பான சில்பி போஸ் வழக்கில் (1991) நீதிமன்றம் தலையிடக்கூடிய வாசல்கள் இன்னும் குறுகலாக வரையறுக்கப்பட்டன. கட்டாயத் தன்மை கொண்ட சட்ட விதி மீறப்பட்டிருக்க வேண்டும், அல்லது ஆணை தீய நோக்குடன் பிறப்பிக்கப்பட்டிருக்க வேண்டும். ஆணையிட்டவருக்கு அதிகாரமே இல்லை என்பதையும் இவற்றோடு சேர்த்துக்கொள்ளலாம்.

ஆகவே, "எனக்குச் சிரமமாக இருக்கிறது" என்பதை முதன்மை வாதமாக வைத்து வருகிறவர்கள் பெரும்பாலும் வெறுங்கையோடு திரும்புகிறார்கள். "இந்த ஆணை சொல்லும் காரணம் உண்மையான காரணம் அல்ல" என்று காட்ட முடிகிறவர்களுக்கே வாய்ப்பு உண்டு. உங்கள் வழக்கின் உயிர் அந்தக் குறிப்புக் கோப்பில்தான் இருக்கிறது.

எனக்கு மூன்று விவரங்கள் தேவை. முதலாவது, உங்கள் பதவிக்கான பணிமூப்பு அலகு, அதாவது பணிமூப்புப் பட்டியல் தயாரிக்கப்படும் எல்லை, மாவட்டமா, மாநிலமா? மாவட்ட அலகாக இருந்தால் அலகுக்கு வெளியே மாற்றியதே பெரிய சட்டக் குறைபாடு. இரண்டாவது, ஆணையின் தலைப்பகுதியில் "பார்வை" என்று குறிப்பிட்டிருப்பவை எவை? அங்கே ஒரு கடிதமோ, தொலைபேசிச் செய்தியோ, புகார் மனுவோ காட்டப்பட்டிருந்தால் மாறுதல் எங்கிருந்து புறப்பட்டது என்பது தெரிந்துவிடும். மூன்றாவது, புதிய இடத்தில் உங்கள் பதவியும் ஊதியமும் இதே நிலையில் உள்ளனவா?

ஓய்வுபெற்ற கண்காணிப்பாளர் எழுதியது:

நான் பணியமைப்புப் பிரிவில் நெடுங்காலம் இருந்தவன். மாறுதல் கோப்புகளைத் தயாரித்து மேலே வைத்தவன் என்பதால் அலுவலகத்தின் பக்கத்தையும் சொல்ல வேண்டியது என் கடமை என்று கருதுகிறேன்.

எல்லா "நிர்வாக நலன்" மாறுதலும் பழிவாங்கல் அல்ல. ஒரே பிரிவில் ஆண்டுக்கணக்கில் வேரூன்றிவிட்டவரை நகர்த்தாமல் பட்டியல்களில் நடக்கும் முறைகேட்டை நிறுத்த முடியாத சூழலை நான் பார்த்திருக்கிறேன். அலுவலகத்திற்குள் இருவருக்கு இடையே நாள்தோறும் மோதல் நிகழும்போது, இருவர் மீதும் 17பி (கடுந்தண்டனைக்கான ஒழுங்கு நடவடிக்கை) குற்றச்சாட்டுக் குறிப்பாணை வழங்கி விசாரணை முடியும்வரை காத்திருந்தால் பொதுமக்களுக்கு எந்த வேலையும் நடக்காது. அஞ்சல் துறை ஊழியர்கள் சம்பந்தப்பட்ட ஜனார்தன் தேபநாத் வழக்கில் (2004) உச்ச நீதிமன்றமும் இதைத்தான் சொன்னது. விரும்பத்தகாத நடத்தை பற்றி முதல்நோக்கில் திருப்தி ஏற்பட்டால், முழு விசாரணை நடத்தாமலேயே ஒருவரை வேறிடத்திற்கு மாற்றலாம். அவ்வாறு மாற்றுவது தண்டனை ஆகிவிடாது.

ஆயினும் இந்த அம்மையாரின் ஆணையைப் படிக்கும்போது எனக்கும் சில கேள்விகள் எழுகின்றன. நிர்வாகத் தேவைக்காக ஒருவரை மாற்றினால் வழக்கமாக ஒரு தொடர் ஆணையே வரும். ஒருவர் போக, இன்னொருவர் அந்த இடத்திற்கு வருவார். தனியொருவர் பெயரில் ஆணை வெளியிட்டு, பதிலரே இல்லாமல், கணக்குப் பிரிவு போன்ற இடத்தைக் காலியாக விட்டுவிட்டு, அன்றே விடுவிக்கச் சொல்வதற்கு என்ன அவசரம் இருந்தது என்று நீதிமன்றம் கேட்டால் துறையிடம் நல்ல பதில் இருக்க வேண்டும். அப்படிப்பட்ட ஆணையின் வரைவு என் மேசைக்கு வந்திருந்தால், காரணத்தைக் குறிப்புக் கோப்பில் விரிவாகப் பதிவு செய்யாமல் மேலே அனுப்பியிருக்க மாட்டேன்.

பொருநைக்கரை எழுதியது:

வழக்கறிஞர் ஐயா கேட்ட விவரங்களைத் தருகிறேன். உதவியாளர் பதவிக்கு மாநில அளவில் துறைத் தலைவரே பணிமூப்புப் பட்டியல் வெளியிடுகிறார். எனவே அலகுக்கு வெளியே மாற்றிவிட்டார்கள் என்ற வாதம் எனக்குப் பொருந்தாது. பதவியும் ஊதியமும் அதே நிலைதான். ஆணையின் பார்வையில் ஒரே ஒரு கடிதம்தான் காட்டப்பட்டுள்ளது. அது எங்கள் மாவட்ட அலுவலரின் கடிதம். அதன் நாள், கோப்பு இரண்டாம் முறை என் மேசையிலிருந்து மேலே சென்றதற்கு மறுநாள். அந்தக் கடிதத்தின் நகலைக் கேட்டேன். அது மந்தணக் (இரகசியக்) கடிதம் என்று சொல்லி மறுத்துவிட்டார்கள்.

கீழமாசிவீதி வழக்கறிஞர் எழுதியது:

அந்த நாள் உங்களுக்குக் கிடைத்த மிக முக்கியமான சான்று. அதைத் தனியே குறித்து வையுங்கள்.

தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்கீழ் அந்தக் கடிதத்தையும் மாறுதல் கோப்பின் குறிப்புகளையும் கேட்டு இன்றே மனு அனுப்புங்கள். பதில் தர 30 நாள் அவகாசம் உண்டு என்பதால் வழக்குத் தொடுக்கும் நேரத்தில் கையில் கிடைக்காமல் போகலாம். அதற்காகக் காத்திருக்கத் தேவையில்லை. அரசமைப்புச் சட்டத்தின் 226ஆம் உறுப்பின்கீழ் ஆவணக் கேட்பு நீதிப்பேராணை கோரும்போது, ஆணை தொடர்பான மூல ஆவணங்களை வரவழைத்துப் பார்க்கும்படி நீதிமன்றத்தைத்தான் கேட்கிறோம். மந்தணம் என்று உங்களிடம் சொன்னவர்கள், நீதிபதி கோப்பைக் கேட்டால் அவ்வளவு எளிதாக மறுத்துவிட முடியாது.

தீய நோக்கு என்ற வாதத்தில் பலர் சறுக்குவது ஒரே இடத்தில்தான். "பழிவாங்கும் நோக்கில்" என்று மனுவில் ஒரு வரி எழுதிவிட்டால் போதும் என்று எண்ணுகிறார்கள். அது போதாது. எவருடைய தீய நோக்கு என்று சொல்கிறோமோ அவரைப் பதவியின் பெயரால் மட்டுமின்றி அவரது சொந்தப் பெயராலும் எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும். அவர் பதிலுரைக்க வாய்ப்புத் தராமல் நீதிமன்றம் அந்தக் குற்றச்சாட்டைப் பரிசீலிக்காது. சேர்த்துவிட்டால் அவர் தம் பெயரில் பிரமாணப் பத்திரம் தாக்கல் செய்து மறுக்க வேண்டிய நிலை வரும்.

இந்தச் சுமை எவ்வளவு கனமானது என்பதற்கு நம் மாநிலத்து வழக்கே முதல் எடுத்துக்காட்டு. தமிழ்நாட்டின் தலைமைச் செயலாளராக இருந்த இ.பி. ராயப்பா, மாநிலத் திட்டக் குழுவின் துணைத் தலைவர் பதவிக்கும் பின்னர் தனி அலுவலர் பதவிக்கும் மாற்றப்பட்டதை எதிர்த்து நேரடியாக உச்ச நீதிமன்றம் சென்றார். அன்றைய முதலமைச்சர் மீதே தீய நோக்கைச் சுமத்தினார். ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசமைப்புச் சட்ட அமர்வு 1973 நவம்பரில் மனுவைத் தள்ளுபடி செய்தது. தீய நோக்கு என்று குற்றம் சாட்டுவது எளிது, மெய்ப்பிப்பது கடினம் என்று நீதிபதி பகவதி அதில் எழுதினார். ஆனால் அதே தீர்ப்பில்தான், தன்னிச்சையான செயல் எதுவும் சமத்துவத்திற்கு நேர் எதிரானது, அது 14ஆம் உறுப்பை மீறுகிறது என்ற கோட்பாடும் பிறந்தது. வழக்குத் தொடுத்தவர் தோற்றார். அவர் வழக்கில் பிறந்த கோட்பாட்டைப் பிடித்துக்கொண்டு அரை நூற்றாண்டாக எத்தனையோ பேர் வென்றுவருகிறார்கள். எனக்கு இந்தத் தீர்ப்பின் மீது தனி மதிப்பு உண்டு.

உங்களுக்கு நெருக்கமாகப் பொருந்துவது சோமேஷ் திவாரி வழக்கு (2009). பெயரில்லாப் புகாரின் அடிப்படையில் ஓர் அதிகாரி மாற்றப்பட்டார். புகாரில் உண்மையில்லை என்று பின்னர் தெரியவந்தது. தண்டனைக்குப் பதிலாகப் பிறப்பிக்கப்பட்ட மாறுதல், மாறுதலுக்குத் தொடர்பில்லாத காரணத்தின் மீது எழுந்தது என்று சொல்லி உச்ச நீதிமன்றம் அதைச் செல்லாததாக்கியது. தனிப்பட்ட பகை இருந்ததாகக் காட்டவேண்டிய தேவைகூட அங்கே எழவில்லை. சட்டம் ஒரு நோக்கத்திற்காகத் தந்த அதிகாரத்தை வேறு நோக்கத்திற்குப் பயன்படுத்துவதே சட்டத்தின் பார்வையில் தீய நோக்குத்தான். இன்னொன்று பஞ்சாப் சிந்து வங்கி எதிர் துர்கேஷ் குவார் வழக்கு (2020). கணக்குகளில் முறைகேடு இருப்பதாக எழுதிவந்த, மேலதிகாரி மீது பாலியல் துன்புறுத்தல் புகாரும் எழுப்பிய பெண் அலுவலர் ஒருவர், இந்தூர்க் கிளையிலிருந்து தம் தகுதிநிலைக்குக் கீழ்ப்பட்டவர்களுக்கான ஒரு சிறிய கிளைக்கு அனுப்பப்பட்டார். அது பழிவாங்கல் என்று நீதிமன்றம் கண்டு அவரை மீண்டும் இந்தூருக்கே பணியமர்த்தச் செய்தது. இந்த இரண்டு தீர்ப்புகளையும் மனுவின் முதுகெலும்பாக வைக்கலாம்.

மகளின் படிப்பைப் பொறுத்தவரை, பள்ளிக் கல்வி இயக்குநர் எதிர் கருப்பத் தேவர் என்னும் நம் மாநிலத்து வழக்கில் (1994), மாறுதலுக்கு முன் ஊழியரை விசாரிக்க வேண்டியதில்லை என்று சொன்ன உச்ச நீதிமன்றம், பிள்ளைகள் படித்துக்கொண்டிருக்கும்போது கல்வியாண்டின் நடுவே மாற்றுவதற்கு அவசரத் தேவை இருக்க வேண்டும் என்றும் சொல்லி, அந்தக் கல்வியாண்டு முடியும்வரை மாறுதலைச் செயல்படுத்தக் கூடாது என்று ஆணையிட்டது. இதனால் கிடைப்பது ஆண்டிறுதிவரையிலான அவகாசம் மட்டுமே. ஆனால் பன்னிரண்டாம் வகுப்புப் பிள்ளை வைத்திருப்பவருக்கு அந்த அவகாசமே பெரிது.

ஆர்எம்எஸ் ஊழியர் எழுதியது:

நான் இரயில்வே அஞ்சல் சேவையில் (ஆர்எம்எஸ்) பணிபுரிகிறேன். மத்திய அரசு ஊழியர்களும் இந்த இழையைப் படிக்கக்கூடும் என்பதால் எங்கள் வழியைச் சொல்கிறேன். நாங்கள் நேரடியாக உயர் நீதிமன்றத்திற்குச் செல்ல இயலாது. 1985ஆம் ஆண்டுச் சட்டத்தின்கீழ் அமைந்த மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தையே முதலில் அணுக வேண்டும். தீர்ப்பாயத்தின் முடிவை உயர் நீதிமன்றத்தின் இரு நீதிபதிகள் அமர்வு முன் எதிர்க்கலாம் என்று 1997ஆம் ஆண்டு சந்திரகுமார் வழக்கில் முடிவானது. மாநில ஊழியர்களுக்கும் 1988இல் தொடங்கிய ஒரு தீர்ப்பாயம் இருந்தது. அது கலைக்கப்பட்ட பிறகே நீங்கள் நேரடியாக உயர் நீதிமன்றம் செல்கிறீர்கள்.

கணவன் மனைவி இருவரும் பணியில் இருந்தால் ஒரே ஊரில் வைக்க வேண்டும் என்று வழிகாட்டு நெறிமுறை இருக்கிறதே, அதைக் காட்டினால் போதாதா என்று எங்கள் பிரிவில் அடிக்கடி கேட்பார்கள். அப்பாஸ் வழக்கைப் (1993) படித்தவர்களுக்கு அந்த நம்பிக்கை இருக்காது. ஷில்லாங்கில் தாவரவியல் ஆய்வுத் துறையில் பணிபுரிந்த அவரை அன்றைய உத்தரப் பிரதேச மலைப்பகுதியான பௌரிக்கு மாற்றினார்கள். மனைவி ஷில்லாங்கிலேயே மத்திய அரசு அலுவலகத்தில் பணிபுரிந்தார், பிள்ளைகளும் அங்கேயே படித்தார்கள், அவருக்கு முதுகெலும்பில் காயமும் இருந்தது. தீர்ப்பாயம் மாறுதலை இரத்து செய்தது. உச்ச நீதிமன்றம் தீர்ப்பாயத்தின் ஆணையையே தள்ளிவிட்டது. நெறிமுறைகளை அதிகாரி மனத்தில் கொள்ள வேண்டும், ஆனால் அவை ஊழியருக்குச் சட்டப்படி வலியுறுத்தக்கூடிய உரிமை எதையும் தரவில்லை என்பதே அதன் சாரம்.

இந்த இறுக்கம் அண்மையில் சற்றே தளர்ந்திருக்கிறது. 2022 மார்ச்சில் வந்த நௌசாத் ரகுமான் வழக்கில், ஆணையரகங்களுக்கு இடையிலான மாறுதலை நிறுத்திய மத்திய மறைமுக வரிகள் வாரியத்தின் முடிவைச் செல்லும் என்று ஏற்றுக்கொண்டாலும், குடும்ப வாழ்க்கை, வாழ்வுரிமையைக் காக்கும் 21ஆம் உறுப்பின் பாதுகாப்புக்குள் வருவது, பெண்களும் மாற்றுத்திறனாளிகளும் சந்திக்கும் இடர்களைக் கொள்கை வகுக்கும்போது கணக்கில் எடுக்க வேண்டும் என்று நீதிமன்றம் எழுதி, கொள்கையை மறுபரிசீலனை செய்யுமாறு கேட்டுக்கொண்டது. தனிப்பட்ட ஒருவருக்கு இது உடனடி வெற்றியைத் தராது. ஆனால் துறைக்குக் கொடுக்கும் முறையீட்டில் மேற்கோள் காட்டத் தகுந்த தீர்ப்பு.

ஒன்றியப் பள்ளி ஆசிரியர் எழுதியது:

எங்கள் துறையில் பொது மாறுதல் கலந்தாய்வு இருப்பதால் நிலைமை சற்று வேறு. காலிப் பணியிடங்களை முன்கூட்டியே வெளியிட்டு, முன்னுரிமைப்படி அழைத்து, அவரவரே இடத்தைத் தேர்வு செய்கிறோம். வழக்குகள் பெரும்பாலும் இரண்டு இடங்களில் எழுகின்றன. ஒன்று, காலியிடத்தைக் கலந்தாய்வில் காட்டாமல் மறைத்து வைத்துப் பின்னர் நிர்வாக மாறுதலில் ஒருவருக்குக் கொடுப்பது. மற்றொன்று, உபரி ஆசிரியர் என்று கணக்கிட்டுப் பணிநிரவலில் வெளியே அனுப்புவது. இரண்டாவது வகையில், மாணவர் எண்ணிக்கை எந்த நாளைய பதிவின்படி எடுக்கப்பட்டது, அந்தப் பாடத்தில் உண்மையில் இளையவர் எவர் என்ற விவரங்களில்தான் வழக்கு நிற்கிறது. அங்கே அனுதாபம் கேட்டு நிற்பதைவிட, பணிப்பதிவேட்டின் பக்கத்தையும் மாணவர் வருகைப் பதிவையும் எடுத்து வைப்பதே பலன் தருகிறது.

பொருநைக்கரை அம்மாவுக்கு ஒரு வேண்டுகோள். "இப்போதைக்கு விருப்ப மாறுதல் கேட்டு எழுதிக் கொடுங்கள், பக்கத்து மாவட்டத்தில் போட்டுத் தருகிறோம்" என்று யாராவது சொன்னால் உடனே கையொப்பமிட்டுவிடாதீர்கள். எழுதிக் கொடுத்த அந்த நொடியிலிருந்து அது உங்கள் விருப்பத்தின் பேரில் நடந்த மாறுதலாகிவிடும். நிர்வாக மாறுதலுக்கு உரிய மாறுதல் பயணப்படியும், விடுவிப்புக்கும் பணியேற்புக்கும் இடையில் தரப்படும் பணியேற்பிடைக் காலமும் போய்விடும். அலகு மாறும் பதவிகளாக இருந்தால் பணிமூப்பும் போகும். எல்லாவற்றையும் விட, பழிவாங்கல் என்று பின்னர் வாதிட இடமே இருக்காது.

சங்கத்தின் வட்டக்கிளைச் செயலர் எழுதியது:

தோழர்களே, தனி ஒருவரின் வழக்கை வெல்வது எப்படி என்று பேசுகிறோம். அது தேவைதான். ஆனால் இதே வழக்கு ஏன் ஆண்டுதோறும் வேறு வேறு பெயர்களில் எழுகிறது என்பதையும் பேச வேண்டும் என்று நினைக்கிறேன்.

நம் மாநிலத்தில் பொது மாறுதல்களுக்கு வழிகாட்டும் ஆணைகள் உண்டு. மூன்றாண்டுகள், கோடைக்காலம், சங்கப் பொறுப்பாளர்கள், ஓய்வுபெறும் நிலையில் உள்ளவர்கள் என்று எல்லாமே பேசப்பட்டிருக்கின்றன. ஆனால் அவை நிர்வாக ஆணைகள் என்ற நிலையிலேயே இருப்பதால், மீறப்பட்டாலும் நீதிமன்றத்தில் நம்மால் அழுத்திச் சொல்ல முடிவதில்லை. மகாராட்டிர மாநிலத்தில் 2005ஆம் ஆண்டின் மாறுதல் ஒழுங்குமுறைச் சட்டம் நடைமுறையில் உள்ளது. ஓரிடத்தில் மூன்றாண்டுப் பணிக்காலத்தை அது வரையறுக்கிறது. இடையில் மாற்ற வேண்டுமானால் தனிக் காரணத்தை எழுத்தில் பதிந்து, மேல்நிலை அதிகாரியின் முன் ஒப்புதல் பெற வேண்டும். அந்தக் காரணம் எழுதப்படவில்லை என்ற ஒன்றைக் காட்டியே அங்குள்ள தீர்ப்பாயத்தில் ஊழியர்கள் ஆணைகளை உடைக்கிறார்கள். தீய நோக்கை மெய்ப்பிக்கும் பாரத்தை அவர்கள் சுமக்க வேண்டியதே இல்லை. கர்நாடகத்தில் ஆசிரியர் மாறுதலுக்கெனத் தனிச் சட்டம் இருக்கிறது. நமக்கும் ஒரு சட்டம் வேண்டும் என்று கேட்காமல், ஒவ்வொருவரும் தனித்தனியே வழக்கறிஞர் கட்டணம் கட்டிக்கொண்டிருப்பது சரியல்ல.

மேல்மட்ட அதிகாரிகளுக்கு இது ஓரளவு கிடைத்துவிட்டது. டி.எஸ்.ஆர். சுப்பிரமணியன் வழக்கில் 2013 அக்டோபர் 31 அன்று வந்த தீர்ப்பு, குறைந்தபட்சப் பணிக்காலத்தையும் குடிமைப் பணிகள் வாரியத்தையும் வலியுறுத்தியது. வாய்மொழி உத்தரவுகளை எழுத்தில் பதிவு செய்ய வேண்டும் என்றும் சொன்னது. அதன்பின் இந்திய ஆட்சிப் பணி அலுவலர்களுக்கு இரண்டாண்டுக் குறைந்தபட்சப் பணிக்காலம் விதியாகவே வந்தது. காவல் துறைத் தலைவருக்குக் குறைந்தபட்சப் பணிக்காலம் வேண்டும் என்ற பிரகாஷ் சிங் தீர்ப்பை வைத்து வாதாடிய கேரளக் காவல் துறைத் தலைவர் சென்குமார் 2017இல் தம் பதவியை மீட்டார். அளவுப் புத்தகத்தில் கையொப்பம் இல்லை என்று எழுதும் ஓர் உதவியாளருக்கு இந்தப் பாதுகாப்பு எதுவும் இல்லை. முறைகேட்டை முதலில் பார்ப்பதும் எழுதுவதும் அந்த மேசையில் இருப்பவர்தான்.

ஓய்வுபெற்ற கண்காணிப்பாளர் எழுதியது:

சங்கச் செயலரின் கருத்தில் எனக்கு ஒரு மாறுபாடு உண்டு. சட்டம் வந்தால், மூன்றாண்டு முடியும்வரை எவரையும் அசைக்க முடியாது என்ற நிலை, நேர்மையானவரைக் காப்பது போலவே மற்றவரையும் காக்கும். மகாராட்டிரச் சட்டம் விதிவிலக்கை வைத்திருப்பது இதனால்தான். தமிழ்நாட்டில் சட்டம் வருவதானால், எழுத்தில் ஆட்சேபணை பதிந்தவரை அந்தக் கோப்பு முடிவுறும்வரை மாற்றக் கூடாது என்ற தனிப் பிரிவு ஒன்று இருக்க வேண்டும் என்பது என் விருப்பம். பணிக்காலத்தைக் காப்பதைவிடக் குறிப்புக் கோப்பில் எழுதும் கையைக் காப்பது முக்கியம் என்று நினைக்கிறேன்.

பொருநைக்கரை எழுதியது:

அனைவருக்கும் நன்றி. இரண்டு ஐயங்கள் மீதமுள்ளன. நான் இப்போது பணியேற்பிடைக் காலத்தில் இருக்கிறேன். புதிய இடத்தில் பணியேற்றுவிட்டால் வழக்கு வலுவிழந்துவிடும், மருத்துவ விடுப்பில் இருந்துகொண்டே தடையாணை வாங்கு என்று அலுவலக நண்பர்கள் சொல்கிறார்கள். இது சரியா? மற்றொன்று, இப்படிப்பட்ட வழக்குகளில் "மனுவைப் பரிசீலித்து முடிவெடுக்குமாறு" துறைக்கே உத்தரவிட்டு முடித்துவிடுகிறார்களே, அப்படி நடந்தால் என்ன பயன்?

கீழமாசிவீதி வழக்கறிஞர் எழுதியது:

முதல் கேள்விக்கு என் பதில் உறுதியானது. தடையாணை கையில் இல்லாமல் பணியேற்காமல் இருக்காதீர்கள். குஜராத் மின்வாரிய ஊழியர் ஒருவர் சூரத்திலிருந்து உகாய்க்கு மாற்றப்பட்டபோது, முறையீடு அனுப்பியிருக்கிறேன் என்று சொல்லிப் பணியேற்காமலேயே இருந்தார். இறுதியில் வேலையையே இழந்தார். முறையீடு கொடுத்திருப்பதால் மாறுதல் ஆணையின் செயல்பாடு நின்றுவிடாது என்று 1989இல் உச்ச நீதிமன்றம் அந்த நடவடிக்கையை உறுதி செய்தது. உங்களை மாற்றியவர்களுக்கு உங்கள் மீது நடவடிக்கை எடுக்க இன்று எந்தக் காரணமும் இல்லை. பணியேற்காமல் இருந்தால் அந்தக் காரணத்தை நீங்களே கொடுத்ததாகும். உண்மையான நோய் இல்லாமல் மருத்துவச் சான்று கொடுத்தால், மருத்துவக் குழுவுக்கு அனுப்பப்பட்டு அதுவும் உங்களுக்கு எதிராகத் திரும்பும்.

பணியேற்கும்போது, "உரிய மன்றத்தில் இந்த ஆணையை எதிர்க்கும் என் உரிமைக்குப் பாதகமின்றிப் பணியேற்கிறேன்" என்ற வரியைப் பணியேற்பு அறிக்கையிலேயே எழுதுங்கள். அப்படிச் செய்தால், பணியேற்றதாலேயே மாறுதலை ஒப்புக்கொண்டுவிட்டீர்கள் என்ற வாதத்திற்கு இடமிருக்காது. ஏற்கெனவே விடுவிக்கப்பட்டுவிட்டதால் இடைக்காலத் தடை கிடைப்பது கடினம் என்பதையும் இப்போதே சொல்லிவிடுகிறேன். விடுவிக்கப்படும் முன் வருபவருக்கு இருக்கும் வாய்ப்பு உங்களுக்குக் குறைவு. எனவே, மாறுதலை இரத்து செய்யும் முதன்மைக் கோரிக்கையோடு, அது முடிவாகும்வரை உங்கள் பழைய இடத்தை நிரப்பக் கூடாது என்றும், கருப்பத் தேவர் தீர்ப்பைக் காட்டிக் கல்வியாண்டு இறுதிவரை பழைய இடத்திலேயே தொடர அனுமதிக்க வேண்டும் என்றும் இடைக்கால மனுக்கள் போடுவோம். ஆணை உங்களிடம் சார்வு செய்யப்பட்டது திருநெல்வேலிப் பக்கம் என்றால், ஆணை சென்னையில் பிறந்திருந்தாலும் மதுரைக் கிளையிலேயே மனுவைத் தாக்கல் செய்யலாம்.

இரண்டாவது கேள்வி நியாயமானது. பரிசீலிக்கச் சொல்லும் உத்தரவோடு பல மனுக்கள் முடிந்துவிடுகின்றன என்பது உண்மை. மாற்றியவரிடமே மனு திரும்பிச் செல்வதால் "பரிசீலிக்கப்பட்டது, ஏற்க இயலவில்லை" என்று ஒற்றை வரியில் பதில் வரும். அதைத் தவிர்க்க, முறையீட்டை இப்போதே அரசுச் செயலாளருக்கு முகவரியிட்டு அனுப்புங்கள். துறைத் தலைவருக்கு நகல் மட்டும் போதும். அதில் மூன்று நாள்களை மட்டும் வரிசையாக எழுதுங்கள்: ஆட்சேபணைக் குறிப்பு எழுதிய நாள், மாவட்ட அலுவலரின் கடித நாள், மாறுதல் ஆணை நாள். குடும்பச் சூழலை இறுதியில் ஒரு பத்தியில் சொன்னால் போதும். நீதிமன்றம் பரிசீலிக்கச் சொல்லும் நிலை வந்தால், ஆணையிட்டவருக்கு மேல்நிலையில் உள்ளவர் காரணங்களோடு முடிவெடுக்க வேண்டும் என்ற நிபந்தனையைக் கேட்டு வாங்குவது என் பொறுப்பு.

காரணம் எழுதப்பட்ட ஆணை வந்துவிட்டால், உள்ளடக்கம் உங்களுக்கு எதிராக இருந்தாலும் சட்டப்படி உங்கள் நிலை மேம்பட்டிருக்கும். மாறுதல் ஆணையில் காரணம் சொல்ல வேண்டியதில்லை என்பதால்தான் "நிர்வாக நலன்" என்ற இரண்டு சொற்களுக்குப் பின்னால் எல்லாவற்றையும் மறைக்க முடிகிறது. நிராகரிப்பு ஆணையில் ஒரு காரணத்தை எழுதிவிட்டால், மொகிந்தர் சிங் கில் வழக்கில் (1978) சொல்லப்பட்டபடி அந்த ஆணை அதில் உள்ள காரணங்களைக் கொண்டு மட்டுமே நிற்கவோ விழவோ வேண்டும். பின்னர் பதில் மனுவில் புதிய காரணங்களைச் சேர்த்து முட்டுக்கொடுக்க முடியாது. அப்போது உங்கள் ஆட்சேபணைக் குறிப்புக்கு அவர்கள் நேராகப் பதில் சொல்லியிருக்கிறார்களா, அதைத் தொடாமல் கடந்திருக்கிறார்களா என்பதைப் பார்த்து இரண்டாவது மனுவைத் தயாரிப்போம்.